கட்டினானாம்

சென்னைக்கு வருகிற வெளியூர் உறவினர்களுக்கு ஒரே நாளில் காஞ்சிபுரத்தையும் மாமல்லபுரத்தையும் காட்டி அனுப்புவது இங்கே ஒரு சடங்கு மாதிரி ஆகிவிட்டது. கார், ஓட்டுநர், வழிகாட்டி மூன்றையும் சேர்த்து ஒரு நாள் வாடகைக்குப் பேசிக்கொள்ளலாம். எதை முதலில் பார்ப்பது என்பதைக் கோயில் நடைதான் தீர்மானிக்கிறது. காஞ்சிக் கோயில்களை மத்தியானம் சாத்திவிடுவார்கள், மறுபடி திறக்க நாலு மணி ஆகும். மாமல்லபுரத்துக் கற்களுக்கு மத்தியானத் தூக்கம் கிடையாது. அதனால் காலையில் காஞ்சி, சாப்பிட்டபின் செங்கல்பட்டு வழியாக மாமல்லபுரம், இருட்டும்போது கிழக்குக் கடற்கரைச் சாலை. பெரும்பாலும் எல்லோருக்கும் இதே வரிசைதான்.

இந்த ஏற்பாட்டில் கார் வாடகை புரிகிறது, சாப்பாட்டுச் செலவு புரிகிறது. வழிகாட்டிக்குக் கொடுக்கிற பணம் எதற்கு என்பது அவ்வளவு தெளிவாக இல்லை. வழி காட்டுவதற்கு இன்று போனே போதும். அவர் பேசுவதற்குத்தான் கொடுக்கிறோம். ஒரு மனிதரின் பேச்சை ஒரு பகலுக்கு விலை பேசியபின், அந்தப் பேச்சு உண்மையாக இருக்க வேண்டும் என்று கேட்க நமக்கு உரிமை இருக்கிறதா? கோயிலில் உண்மை என்று எதைச் சொல்வது? சிரிப்பான கேள்விதான். ஆனால் போன வருஷம் மும்பையிலிருந்து வந்த அத்தையோடு இந்தச் சுற்று போய்வந்ததிலிருந்து இது என்னை விடவில்லை.

எங்களோடு வந்த வழிகாட்டிக்கு ஐம்பது வயசுக்கு மேல் இருக்கும். அத்தையை 'அம்மா' என்றும் என்னை 'சார்' என்றும் கூப்பிட்டார். காரில் ஏறியதும் அவர் முதலில் பார்த்தது அத்தையின் நெற்றியை. திருநீறு. எந்தக் கதைகளைச் சொல்வது என்று அந்த நொடியிலேயே முடிவு செய்துவிட்டார் என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது. இடைவேளையில் டீ குடிக்கும்போது அவரே சொன்னார்: "நாமம் போட்டவங்க வந்தா வரதராஜர் கோயில்ல ரெண்டு மணி நேரம் சார். அத்தி வரதர், தங்கப் பல்லி எல்லாம் விரிவா சொல்லணும். ஃபாரினர்ஸ்னா ஆர்க்கிடெக்சர். ஜப்பான், சைனாக்காரங்கன்னா போதிதர்மர்."

போதிதர்மர் விஷயம் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டியது. 2011இல் 'ஏழாம் அறிவு' வந்த பிறகு காஞ்சிபுரம் என்றால் போதிதர்மர் பிறந்த ஊர் என்பது தமிழ்நாட்டில் பொது அறிவாகிவிட்டது. மிகப் பழைய சீனக் குறிப்புகளில் ஒன்று அவரைப் பாரசீகத்திலிருந்து வந்தவர் என்கிறது. இன்னொன்று தென்னிந்தியாவின் பேரரசர் ஒருவரின் மூன்றாவது மகன் என்கிறது. காஞ்சி என்ற பெயர் இந்த இரண்டிலும் இல்லை. எங்கள் வழிகாட்டிக்கு இது தெரிந்திருந்தது. "இங்கிலீஷ்ல சொல்றப்ப 'ஹீ வாஸ் பார்ன் ஹியர்'னு முடிச்சிடுவேன் சார். தமிழ்ல சொன்னா, இங்கதான் பொறந்தாராம்னு சொல்வேன்" என்றார். ஏன் இந்த வித்தியாசம் என்று கேட்டேன். "இங்கிலீஷ்ல 'ஆம்' இல்லியே சார்."

இங்கிலீஷில் அதைச் சொல்ல வழி இல்லாமல் இல்லை. நாலு வார்த்தை கூடுதலாகச் செலவழிக்க வேண்டும், அவ்வளவுதான். அவசரத்தில் யாரும் செலவழிப்பதில்லை. தமிழில் அது வினையோடு ஒட்டிக்கொண்டு வருகிறது: கட்டினானாம், வந்தாளாம், அசையவே இல்லையாம். ஓர் எழுத்து மூச்சில் பேசுகிறவர் தன்னைக் கதையிலிருந்து அரை அடி தள்ளி நிறுத்திக்கொள்கிறார். நான் அங்கே இல்லை, கேட்டதைச் சொல்கிறேன், கேட்டேன் என்பதற்கு மட்டும் நான் பொறுப்பு. பாட்டிகள் எல்லாக் கதைகளையும் இப்படித்தான் சொன்னார்கள். 'ஒரு ஊர்ல ஒரு ராஜா இருந்தானாம்.' அந்த ராஜா இல்லை என்பது குழந்தைக்கும் தெரியும், பாட்டி பொய் சொல்லவில்லை என்பதும் தெரியும்.

அன்று முழுக்க நான் அவருடைய வினைமுற்றுகளைக் கவனித்துக்கொண்டே வந்தேன். ஒட்டுக்கேட்பது போலத்தான், ஆனால் காசு கொடுத்து ஒட்டுக்கேட்டேன்.

கைலாசநாதர் கோயில் காலை எட்டரைக்குக் காலியாக இருந்தது. ஊர்க் கூட்டமெல்லாம் காமாட்சியம்மன் கோயிலிலும் ஏகாம்பரநாதர் கோயிலிலும்தான். எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ராஜசிம்மன் என்கிற இரண்டாம் நரசிம்மவர்மன் எழுப்பிய மணற்கல் கோயில் இது. சுற்றுமதிலின் உட்புறம் வரிசையாக 58 சின்னச் சின்னச் சன்னதிகள், சிலவற்றில் பழைய ஓவியத்தின் மிச்சம். "இது ராஜசிம்மன் கட்டினது" என்றார், 'ஆம்' இல்லாமல். சரி, கல்வெட்டு இருக்கிறது. அதன்பின் பூசலார் கதைக்குப் போனார்.

திருநின்றவூர்ப் பூசலாரிடம் கோயில் கட்டப் பணம் இல்லை. மனசுக்குள்ளேயே கல் சுமந்து, தச்சரை வைத்து, கிணறு வெட்டி, மதில் எடுத்து, குடமுழுக்குக்கு நாளும் குறித்தார். காஞ்சியில் அரசன் தன் கற்கோயிலுக்கு அதே நாளைக் குறித்திருந்தான். சிவன் அவன் கனவில் வந்து, அன்றைக்கு எனக்கு வேறு கோயிலுக்குப் போக வேண்டியிருக்கிறது, நீ தேதியை மாற்றிக்கொள் என்றார். பெரியபுராணத்தில் சேக்கிழார் சொன்ன கதை, பன்னிரண்டாம் நூற்றாண்டு. அரசன் அந்தக் கோயிலைத் தேடித் திருநின்றவூருக்குப் போகிறான், கோயிலே இல்லை. வழிகாட்டி இதை வினைக்கு வினை 'ஆம்' போட்டுத்தான் சொன்னார். அத்தை முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நெஜமாவாப்பா?" என்றாள். "அப்படித்தாம்மா சொல்றாங்க."

இந்த இடத்தில் கதையையும் வரலாற்றையும் இரண்டு கூடைகளில் பிரித்துப் போடுவது சுலபமாகத் தோன்றும். ஆனால் கைலாசநாதர் கோயிலின் வெளிச்சுவரிலேயே ராஜசிம்மனின் வடமொழிக் கல்வெட்டு இருக்கிறது. பழைய யுகத்தில் துஷ்யந்தன் முதலான அரசர்கள் அசரீரியைக் கேட்டார்கள், அதில் வியப்பில்லை, இந்தக் கலியுகத்தில் இவன் அந்தக் குரலைக் கேட்டானே, அதுதான் வியப்பு என்கிற பொருளில் ஒரு சுலோகம் அதில் வருகிறது. அதைப் பூசலார் கதையோடு இணைத்துப் பார்க்கிறவர்கள் உண்டு. கல்வெட்டு என்பது வரலாறு, புராணம் என்பது கதை என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கையில், கல்வெட்டே ஓர் அசரீரியைப் பற்றிப் பேசுகிறது. அதுவும் சம்பளம் வாங்கிய ஒரு கவி, சம்பளம் கொடுத்த அரசனைப் பற்றிச் சொன்னது. அந்தக் கவியும் ஒருவகையில் வாடகைக்கு எடுத்த வழிகாட்டிதான். ஆனால் அவர் 'ஆம்' போடவில்லை. கேட்டான் என்றே எழுதிவைத்தார்.

அதே வளாகத்தில் இன்னொரு எழுத்து இருக்கிறது, மண்டபத் தூணில், கன்னடத்தில். சாளுக்கிய மன்னன் இரண்டாம் விக்கிரமாதித்தன் காஞ்சியைப் பிடித்தபோது இந்தக் கோயிலின் செல்வத்தைப் பார்த்துவிட்டு, எடுத்துக்கொள்ளாமல் கோயிலுக்கே திருப்பிக் கொடுத்தான் என்கிறது. ஏறக்குறைய நூறு வருஷங்களுக்கு முன்னால் பல்லவர்கள் அவனுடைய முன்னோர்களின் வாதாபியை அழித்திருந்தார்கள். பழி தீர்க்க வந்தவன் கோயிலைத் தொடாமல் போனான். அவனுடைய அரசி லோகமகாதேவி பட்டடக்கல்லில் எடுப்பித்த விருபாட்சர் கோயிலில் இந்தக் கைலாசநாதரின் சாயலைப் பார்க்கலாம். எனக்கு இந்தச் சுற்றுலாவிலேயே பெரிய விஷயம் அந்தத் தூண்தான். வழிகாட்டி அந்தப் பக்கம் கையைக்கூடக் காட்டவில்லை. நான் கேட்டதும், "ஆமா சார், கன்னடக் கல்வெட்டு" என்று ஒரு வரியில் முடித்தார். கேட்கிறவர்கள் இல்லையாம். எதிரியின் நாகரிகத்தைக் கேட்டு யாரும் டிப்ஸ் கொடுப்பதில்லை போலிருக்கிறது.

கருவறையைச் சுற்றி வர ஒரு குறுகலான வழி உண்டு. நுழையும் இடத்தில் மண்டி போட்டுத் தவழ வேண்டும், வெளியே வரும்போதும் அப்படியே. "இதுல தவழ்ந்து வந்தா மறுபிறவி கெடையாதாம்மா" என்றார் வழிகாட்டி. அத்தைக்கு எழுபத்திரண்டு வயசு, முழங்கால் வலி. அதற்காகத்தான் தயங்குகிறாள் என்று நினைத்து, வேண்டாம் அத்தை, வெளியிலேயே கும்பிட்டுக்கலாம் என்றேன். அவள் என்னைப் பார்க்காமல் வழிகாட்டியைப் பார்த்துக் கேட்டாள்: "மறுபடி பொறக்கலேன்னா, அவரை எங்கப்பா பாக்கறது?"

மாமா இறந்து அப்போது ஏழு மாதம்.

வழிகாட்டி கொஞ்ச நேரம் பேசவில்லை. அவருக்கு அந்த இடத்தில் எத்தனையோ சொல்ல வாய்ப்பு இருந்தது. 'ரெண்டு பேரும் அங்கயே சேர்ந்துருவீங்கம்மா' என்று சொல்லியிருக்கலாம். சிவலோகத்தில் பிரிவே இல்லை என்று ஒரு கதையைக் கோத்திருக்கலாம், இருபத்தைந்து வருஷ அனுபவம் உள்ளவருக்கு அது கஷ்டமா? அவர் சொன்னது: "அது எனக்குத் தெரியாதும்மா. நான் சொல்றதெல்லாம், சொல்றாங்கன்னு சொல்றதுதான்." அத்தை தலையாட்டிவிட்டு, "அப்ப எனக்கு வேணாம்" என்று படியில் உட்கார்ந்துகொண்டாள்.

இதை ஒரு நண்பரிடம் சொன்னபோது அவர் கோபப்பட்டார். ஒரு கிழவிக்கு இரண்டு வார்த்தை ஆறுதல் சொன்னால் அந்த ஆளுக்கு என்ன குறைந்துவிடும், யாருக்கு நஷ்டம் என்று கேட்டார். நியாயமான கேள்வி. பொய்மையும் நன்மை தருமானால் வாய்மைக்குச் சமம் என்று வள்ளுவரே இடம் கொடுத்திருக்கிறார் என்றும் வாதிட்டார். நான் யோசித்துப் பார்த்தேன். அதே ஆறுதலை அத்தையின் பக்கத்து வீட்டுப் பெண் சொல்லியிருந்தால் எனக்கு ஒன்றும் உறுத்தியிருக்காது. அர்ச்சகர் சொல்லியிருந்தாலும் அது அவருடைய நம்பிக்கையிலிருந்து வருவது. ஒரு நாள் கூலிக்கு வந்தவர் சொல்லும்போதுதான் ஏதோ கெட்டுப்போகிறது. அவர் வாயிலிருந்து வந்தால் அந்த ஆறுதலும் கட்டணத்தில் அடங்கிவிடும்: ஏசி கார், தண்ணீர் பாட்டில், மறுபிறவி. காசு வாங்குகிறவருக்குத் தெரியாது என்று சொல்லும் கடமை, காசு வாங்காதவரைவிட அதிகம் என்று எனக்குத் தோன்றுகிறது. நண்பர் ஒத்துக்கொள்ளவில்லை. இப்போதும் இல்லை.

இதனால் 'ஆம்' போடுகிறவர்கள் எல்லாம் யோக்கியர்கள் என்று சொல்ல வரவில்லை. தெருவில் ஒரு குடும்பத்தைக் கெடுப்பதற்கும் இதே இரண்டெழுத்துதான் உதவுகிறது. 'அந்தப் பொண்ணு யாரோடயோ போயிருச்சாம்.' சொன்னவர் கை சுத்தம், கேட்டதைத்தானே சொன்னார். வாட்ஸாப்பில் வருகிற கோயில் வரலாறுகளில் பாதி இந்த ரகம். எந்த மதத்துக்காரர் எந்த மதத்துக்காரரின் கோயிலை எப்போது இடித்தாராம் என்பதை நாள் தவறாமல் யாராவது அனுப்புகிறார்கள். அங்கே 'ஆம்' ஒரு முகமூடி. சொல்வது பொய்யானால் யார் தலையில் விடியும் என்பதைப் பார்த்தால்தான் இந்த 'ஆம்' எந்த ஜாதி என்று தெரிகிறது. பூசலார் கதை நடக்கவே இல்லை என்றால் யாருக்கும் ஒன்றும் ஆகாது. ஏகாம்பரநாதர் கோயில் மாமரம் மூவாயிரத்து ஐந்நூறு வருஷத்துக்குப் பாதி வயசு என்றாலும் மாம்பழத்துக்கு ருசி குறையாது. வம்பில் அகப்படுகிறவர் மட்டும் எப்போதும் அந்த இடத்தில் இல்லாத ஒருவர்.

பதினொன்றரைக்குப் பட்டுக் கடை. திட்டத்தில் அப்படி ஒன்று எழுதப்பட்டிருக்கவில்லை. ஆனாலும் கார் தானாகவே அங்கே போய் நின்றது. வழிகாட்டிகளுக்கும் ஓட்டுநர்களுக்கும் சில கடைகளில் கமிஷன் உண்டு என்பது ரகசியமில்லை. நான் அதைக் குற்றமாகச் சொல்ல மாட்டேன். சீசன் இல்லாத வெயில் மாதங்களில் அவர்கள் எதை வைத்துச் சாப்பிடுவார்கள்? ஆனால் அங்கேதான் நான் காலையிலிருந்து கவனித்துக்கொண்டிருந்தது நடந்தது. "இது அசல் கைத்தறிம்மா. கோர்வை போட்டது. ஜரிகை சுத்தமான வெள்ளி" என்றார் வழிகாட்டி. சிவபெருமான் கனவில் வந்ததற்கு 'ஆம்' போட்டவர், புடவைக்குப் போடவில்லை.

காஞ்சிப் பட்டில் உடலும் கரையும் தனித்தனி நிறத்தில், ஊடு நூலைக் கோத்துக் கோத்து இணைப்பது கோர்வை. அதற்குப் பக்கத்தில் உதவிக்கு இன்னொரு ஆள் உட்கார வேண்டும். நேரம் பிடிக்கும், கூலி கூடும். பார்க்க அதே மாதிரி விசைத்தறியில் வருகிறது, விலை பாதி. ஜரிகையில் வெள்ளி எவ்வளவு, செம்பு எவ்வளவு என்பதைக் கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. ஆக, அந்தக் கடையில் அவருக்கு நிச்சயமாகத் தெரிந்த விஷயம், கோயிலில் தெரிந்ததைவிட அதிகம் ஒன்றும் இல்லை. அங்கே கேட்டதைச் சொன்னார், இங்கேயும் கடைக்காரரிடம் கேட்டதைத்தான் சொன்னார். இந்த ஒரு 'ஆம்' தப்பினால் நஷ்டம் அத்தைக்கு. கோயிலில் அவர் காட்டிய நாணயம் முழுக்க நஷ்டம் வராத இடத்து நாணயம்தானோ என்று ஒரு கணம் தோன்றியது. அப்படிச் சொல்வதும் சரியில்லை. மறுபிறவி விஷயத்தில் உண்மையைச் சொல்லி அவர் ஒரு நல்ல டிப்ஸை இழந்திருக்கலாம். மனிதர்கள் இப்படித்தான், ஒரு அறையில் சுத்தமாகவும் அடுத்த அறையில் கொஞ்சம் அழுக்காகவும் இருக்கிறார்கள். அத்தை ஒரு புடவை எடுத்தாள். பிடித்திருந்தது, எடுத்தாள். கைத்தறிதானா என்று நான் விசாரிக்கப் போகவில்லை.

திருப்பருத்திக்குன்றத்துக்குப் போகலாமா என்று கேட்டேன். பாலாற்றுப் பக்கம், ஊரிலிருந்து கொஞ்ச தூரம்தான். ஜினகாஞ்சி என்று பெயர் பெற்ற சமணக் கோயில், மண்டபக் கூரையில் தீர்த்தங்கரர் கதைகளின் ஓவியங்கள். "டைம் இல்ல சார், நடை சாத்திருவாங்க" என்றார். உண்மைதான். ஆனால் எல்லாருடைய திட்டத்திலும் எப்போதும் அதற்குத்தான் டைம் இருப்பதில்லை. ஏழாம் நூற்றாண்டில் யுவான் சுவாங் வந்தபோது பௌத்த மடங்களைப் பார்த்த ஊர் இது. அந்த ஊரில் இன்று ஒரு நாள் சுற்றினால் சைவமும் வைணவமும் மட்டுமே தென்படும். இதற்கு எந்த வழிகாட்டியும் பொய் சொல்ல வேண்டியதில்லை, கடிகாரம் போதும். சொன்ன பொய்யைக் கேட்டுக் கண்டுபிடிக்கலாம். சொல்லாமல் விட்டதைக் கேட்க முதலில் அது இருக்கிறதென்று தெரிந்திருக்க வேண்டும்.

மாமல்லபுரத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம், எல்லோருக்கும் தெரிந்த ஊர். 2019 அக்டோபரில் ஷி ஜின்பிங்கை நரேந்திர மோடி வேட்டி கட்டிக்கொண்டு அங்கே சுற்றிக்காட்டியதையும் எல்லோரும் பார்த்தோம். உலகத்திலேயே பாதுகாப்பு மிகுந்த தனிச் சுற்றுலா அதுவாகத்தான் இருக்கும். பஞ்ச பாண்டவ ரதங்களுக்கும் பாண்டவர்களுக்கும் சம்பந்தம் இல்லை. தர்மராஜ ரதத்தில் பல்லவனின் விருதுப் பெயர்கள்தான் வெட்டப்பட்டிருக்கின்றன, திரௌபதி ரதத்துக்குள் இருப்பவள் கொற்றவை. அந்தப் பெரிய புடைப்புச் சிற்பம் அர்ஜுனன் தபசா, பகீரதன் தபசா என்ற சண்டை இன்னும் தீரவில்லை. இந்த ஊர்க் கோயில்கள் எல்லாமே ராஜசிம்மன் ஒருவன் வேலைதான் என்று இரா. நாகசாமி வாதிட்டதை எல்லா அறிஞர்களும் ஏற்கவும் இல்லை. ஆக அறிஞர்களுக்கும் 'ஆம்' தேவைப்படுகிறது. அடிக்குறிப்பில் போட்டுக்கொள்கிறார்கள்.

வெண்ணெய்ப் பாறையை 1908இல் கவர்னர் ஆர்தர் லாலி ஏழு யானைகளைக் கட்டி இழுக்கச் சொன்னாராம், அசையவில்லையாம். எங்கள் ஆள் ஒழுங்காக 'ஆம்' போட்டார். பத்திரிகைகளில் படிக்கும்போது அது இருப்பதில்லை. தபசுச் சிற்பத்தின் கீழே முன்னங்கால்களைத் தூக்கி நிற்கிற பூனையை அத்தைக்குக் காட்டினார். தவம் செய்கிற பூனை, சுற்றிலும் அதை நம்பிக் கும்பிடுகிற எலிகள். "எங்களை மாதிரிம்மா" என்றார் சிரித்துக்கொண்டே. அத்தை, "நாங்க எலியாப்பா?" என்றாள். இரண்டு பேரும் ரொம்ப நேரம் சிரித்தார்கள்.

ஒரு விஷயம் மட்டும் என் கணக்கில் இடித்துக்கொண்டே இருந்தது. பழைய மாலுமிகள் இந்த ஊரை ஏழு கோபுரங்கள் என்று சொன்னார்கள். ஆறு கோயில் கடலுக்குள் போய்விட்டதாம் என்பது உள்ளூர்க் கதை. 2004 சுனாமிக்கு முன் கடல் உள்வாங்கியபோது வரிசையாகக் கற்களைப் பார்த்ததாகக் கரையில் இருந்தவர்கள் சொன்னார்கள். அடுத்த வருஷம் தொல்லியல் துறை தோண்டியபோது கடற்கரைக் கோயிலுக்குத் தெற்கே இடிந்துபோன பெரிய கோயிலொன்றின் மிச்சம் கிடைத்தது. ஏழு என்ற கணக்குச் சரியா என்பது வேறு விஷயம். வாய் வழி வந்த ஒரு 'ஆம்' இருந்ததால்தான் கடல் பக்கம் ஒரு கண் வைத்திருந்தார்கள். பாண்டவர் பெயர் பொய்தான். ஆனால் குடமுழுக்கே காணாமல் பாதியில் நின்ற அந்தப் பாறைகளுக்கு அந்தப் பொய்தான் ஆள் சேர்த்துக் கொடுத்தது.

திரும்பும் வழியில் சாளுவன்குப்பத்தில் வண்டியை நிறுத்தச் சொன்னேன். அதுவும் சுனாமி காட்டிக்கொடுத்த இடம். அலை மணலை அரித்ததும் ஒரு பாறையில் எழுத்து தெரிந்தது. ராஷ்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணன் காலத்துக் கல்வெட்டு, திருவீழ்ச்சில் என்ற ஊரில் இருந்த முருகன் கோயிலைக் குறிப்பிட்டது. பக்கத்தில் மணல்மேட்டைத் தோண்டினார்கள். பல்லவர் காலத்துக் கோயிலின் மிச்சமும், அதற்கும் கீழே அதற்கு முந்தைய ஒரு செங்கல் கோயிலும் வெளியே வந்தன. கல்லால் செய்த வேல் ஒன்று இருக்கிறது. விளக்கு எரிந்து, தானம் வந்து, ஜனம் கூடி, பலமுறை கட்டப்பட்ட கோயில். பிறகு எல்லோரும் மறந்துபோனார்கள். அங்கே ஒரு முருகன் இருந்தானாம் என்று சொல்லக்கூட மணலுக்கு மேலே ஒரு வாய் மிஞ்சவில்லை.

வெளிச்சம் குறைந்துகொண்டிருந்தது. வழிகாட்டி இங்கே பேச ஒன்றும் தயார் செய்துவைத்திருக்கவில்லை. கல்வெட்டு எந்தப் பாறையில் இருக்கிறது என்று என்னிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு, போனில் இரண்டு படம் எடுத்தார். அத்தை செருப்பைக் கழற்றிவிட்டுச் செங்கல் வரிசைக்குப் பக்கத்தில் போய் நின்றாள்.

"இந்தக் கோயிலுக்குக் கதை ஒண்ணும் இல்லியாப்பா?"

"இல்லம்மா" என்றார் அவர். "இதுக்கு இன்னும் யாரும் சொல்லல."